சஹனில் என் ஓரம்

என் வயிற்றைப் பார்த்து அவ்வளவு சந்தோஷப்பட்டவர் உலகத்தில் அந்த டாக்டரம்மா ஒருவர்தான். கம்ப்யூட்டர் திரையை என் பக்கம் திருப்பி, புதிதாகப் பிறந்த பேரக்குழந்தையின் போட்டோவைக் காட்டுகிற மாதிரி காட்டினார். இளஞ்சிவப்பாக ஒரு படம். அதில் நீல நிறத்தில், பேனாவுக்குள் இருக்கும் ஸ்பிரிங் மாதிரி முறுக்கிக்கொண்டு நாலைந்து கோடுகள்.

"இது எல்லாருக்கும் வர்ற வயித்துக் கிருமி இல்ல கேட்டோ. அது குட்டையா, லேசா வளைஞ்சு இருக்கும். இவன் அதோட சொந்தக்காரன். படிக்கிற காலத்துல புக்ல பாத்தது. நேர்ல இப்பத்தான் பாக்கறேன்" என்றார். ஊர் கேரளா. தமிழை மலையாள ராகத்தில் பேசுவார்.

"அப்ப நான் உங்களுக்கு ட்ரீட் வைக்கணும் டாக்டர்" என்றேன். எரிச்சலில்தான் சொன்னேன். ஒரு வருஷமாக வயிற்றைப் பிடித்துக்கொண்டு அலைந்தவனுக்கு அந்தச் சந்தோஷத்தில் பங்கு கேட்கத் தோன்றுமா?

அவர் சிரித்துவிட்டு விளக்கினார். இது மனிதனுடைய கிருமியே இல்லையாம். பன்றி, நாய், பூனை இவற்றின் வயிற்றில் குடியிருப்பது. அபூர்வமாக மனிதன் வயிற்றுக்கும் வந்துவிடும். வந்தால் உள்சுவர் புண்ணாகும், சாப்பிட்டாலும் வலிக்கும், சாப்பிடாவிட்டாலும் வலிக்கும். மருந்து உண்டு. இரண்டு வாரம் விடாமல் சாப்பிட்டால் போய்விடும்.

"வீட்டுல பூனை உண்டோ?"

உண்டு என்றேன். அதுவாகத்தான் இருக்கும், ஆனால் அடித்துச் சொல்ல முடியாது என்றார்.

மருந்துக் கடைக்கு நடந்தபோது எனக்கு நிம்மதியாகவே இருந்தது. அதுவரை எல்லாரும் கேஸ், கேஸ் என்றே சொல்லிக்கொண்டிருந்தார்கள். முதல் தடவை பார்த்த கிளினிக்கில் ஒரு பைக்குள் ஊதச் சொல்லி, கிருமி ஒன்றும் இல்லை, காரத்தைக் குறையுங்கள் என்று அனுப்பிவிட்டார்கள். இந்த டாக்டரம்மாதான் கேமரா டியூபை உள்ளே விட்டுச் சதையைக் கிள்ளி எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பினார். நான் நடிக்கவில்லை, வேலைக்கு டிமிக்கி கொடுக்கவில்லை என்பதற்கு இப்போது நீல நிறத்தில் ஆதாரம் கிடைத்துவிட்டது. அவர் வரிசையாகச் சொன்ன மூன்று மிருகங்களில் முதல் மிருகம் என்னை என்ன பாடு படுத்தப் போகிறது என்று அப்போது தெரியாது.

அஜ்மானில் எங்கள் ஃபிளாட்டில் ஐந்து பேர். ஐவருக்கும் ஒரே ஊர், ஒரே ஜமாஅத். வாடகை குறைவு என்பதற்காக அஜ்மானில் படுத்துக்கொண்டு ஷார்ஜாவுக்கும் துபாய்க்கும் டியூட்டிக்கு ஓடுகிறவர்கள். நான் துபாய் தேராவில் ஒரு கம்பெனியில் சேல்ஸ்மேன். ஹோட்டல்களுக்குத் திரைச்சீலைத் துணி விற்கிறோம். எங்களில் மூத்தவரைக் காக்கா என்போம். எங்கள் கடற்கரை ஊர்களில் அண்ணனுக்கு அதுதான் சொல். காக்காவுக்கு எங்கள் கட்டடத்தின் கீழேயே ஒரு பகாலா, அதாவது மளிகைக் கடை. அப்புறம் ஒரு கட்டுமானக் கம்பெனியில் கணக்கு எழுதுகிற ஒருவன். அவனை அக்கவுண்டன்ட் என்றே வைத்துக்கொள்வோம். மற்ற இருவரில் ஒருவர் டிரைவர், ஒருவர் மொபைல் கடையில். இரண்டு பேரும் அதிகம் பேச மாட்டார்கள். இங்கும் பேசப் போவதில்லை.

வார நாட்களில் ஆளுக்கொரு நேரத்தில் வந்து, ஆளுக்கொரு குபூஸ் ரொட்டியைப் பிய்த்துத் தின்றுவிட்டுப் படுப்போம். ஞாயிற்றுக்கிழமை மதியம் மட்டும் சஹன். முன்பெல்லாம் வெள்ளிக்கிழமைதான். அரசாங்கம் லீவை மாற்றிய பிறகு சஹனும் ஞாயிற்றுக்கிழமைக்குப் போய்விட்டது.

சஹன் என்றால் பெரிய வட்டத் தட்டு. ஊரில் கல்யாணமோ கந்தூரியோ எதுவானாலும், சோற்றையும் கறியையும் அதில் குவித்து, சுற்றி நாலைந்து பேர் உட்கார்ந்து ஒன்றாகச் சாப்பிடுவோம். தனக்கு நேராக இருக்கிற பங்கை மட்டும்தான் தொட வேண்டும். அந்தப் பங்குக்குத்தான் ஓரம் என்று பெயர் வைத்திருந்தோம். யார் பெரிய முதலாளி, யாருக்கு விசா முடியப் போகிறது என்பதெல்லாம் அங்கே கிடையாது. ஒருவனைச் சஹனில் சேர்க்கவில்லை என்றால், அவனைப் பற்றி அதற்கு மேல் எதுவும் சொல்லத் தேவையில்லை. ஊருக்கே புரிந்துவிடும்.

என் ஓரத்துக்குப் பக்கத்து ஓரம் காக்காவுடையது. எங்கள் இருவருக்கும் நடுவில் பூனை.

அது கட்டடத்தின் பூனை. ஆரஞ்சு நிறம், ஒரு காது கிழிந்தது. யாரும் பெயர் வைக்கவில்லை. காக்கா மட்டும் "மகளே" என்பார், உடனே வந்துவிடும். நாங்கள் என்ன சொல்லிக் கூப்பிட்டாலும் திரும்பிக்கூடப் பார்க்காது. காக்காவுக்கு மூன்றும் ஆண்பிள்ளைகள். பெண்பிள்ளை மேல் வைக்க வேண்டிய பாசத்தையெல்லாம் இதன் மேல் கொட்டிவிட்டார். சஹன் வைத்ததும் எங்கள் இரண்டு தொடைகளுக்கும் நடுவில் புகுந்து தலையை நீட்டும். காக்கா மீனின் முள்ளை எடுத்துவிட்டு, சாப்பிடுகிற கையாலேயே அதற்கு ஊட்டுவார். அது கையை நக்கும். அதே கையால் அடுத்த கவளம் தன் வாய்க்கு. நானும் அப்படித்தான். பூனை வீட்டோடு புழங்குகிற சுத்தமான பிராணி என்பதில் எங்கள் மார்க்கத்தில் யாருக்கும் சந்தேகமில்லை. அதனால் ஒருவரும் முகம் சுளித்ததில்லை.

கிருமி தெரிந்த அந்த வார ஞாயிற்றுக்கிழமை, சீலா மீன் ஆனம் ஊற்றிய சோற்றைச் சுற்றி உட்கார்ந்தபோது, நான்தான் விளையாட்டாக ஆரம்பித்தேன்.

"காக்கா, உங்க மகள் எனக்கு ஒரு கிருமி குடுத்திருக்கா. லேசுல யாருக்கும் கிடைக்காத சாமானாம்."

காக்கா சிரித்தார். அக்கவுண்டன்ட் அந்தக் கிருமியின் பெயரைக் கேட்டான். டாக்டரம்மா எழுதிக் கொடுத்ததைப் பார்த்து எழுத்து எழுத்தாகச் சொன்னேன். இடது கையால் போனில் தேடினான். இந்தக் காலத்தில் ஒரு மனிதனுக்கு நோய் வந்தால் பக்கத்தில் இருக்கிறவன் செய்கிற முதல் காரியம் அதுதான். படித்துக்கொண்டே வந்தவன் முகம் மாறியது.

"இதுல முதல்ல பன்னின்னுல போட்டிருக்கு."

"நாய், பூனைன்னும் போட்டிருக்கும், கீழ பாரு."

"போட்டிருக்கு. ஆனா பன்னி வளக்கிறவங்களுக்கு வரும்னு போட்டிருக்கு. பன்னிக் கறியிலயும் இருக்கலாமாம்."

சஹனைச் சுற்றியிருந்த கைகள் நின்றுவிட்டன. என் கை மட்டும் தொடர்ந்து போய்க்கொண்டிருந்தது. பசி எனக்கு.

பிறகு அவன் ஒரு வேலை செய்தான். கணக்குக்காரன் அல்லவா, பழைய ரசீதை எடுத்தான். போன வருஷம் எங்கள் கம்பெனிக்குத் துணி அனுப்புகிறவர்கள் துபாயில் ஒரு பெரிய ஹோட்டலில் விருந்து வைத்தார்கள். அங்கே தட்டோடு நின்று எடுத்த போட்டோவை நான் ஸ்டேட்டஸில் போட்டிருந்தேன். அப்போது அதைப் பார்த்து இதயம் போட்டவன்தான். இப்போது என் போனை வாங்கி, அந்தப் படத்தைத் தேடிப் பிடித்து, விரலால் பெரிதாக்கினான்.

"தட்டுல இது என்ன, செவப்பா?"

"தக்காளி."

"தக்காளியா?"

"தக்காளிதான். வேணும்னா ஹோட்டலுக்குப் போன் போட்டுக் கேளு."

யாரும் சிரிக்கவில்லை. காக்கா தொண்டையைச் செருமிக்கொண்டு, "மருந்து முடியிற வரைக்கும் கொஞ்சம் தனியா சாப்பிடுங்க தம்பி. எல்லார் உடம்பையும் பாக்கணும்ல" என்றார். நியாயமான பேச்சு. டாக்டரம்மாவும் மருந்து முடியும் வரை தனித்தட்டு நல்லது என்றுதான் சொல்லியிருந்தார். நான் தலையாட்டினேன். உண்மையிலேயே அவர் என் கிருமியைப் பற்றித்தான் பேசுகிறார் என்று நினைத்தேன்.

அடுத்த ஞாயிறு என் ஓரத்தில் வேறு யாரும் உட்காரவில்லை. ஆனால் சஹனிலிருந்து ஒரு பாய் தள்ளி, எனக்கென்று ஒரு காகிதத் தட்டு வைத்திருந்தார்கள். சாப்பிட்டதும் வீசிவிடுகிற தட்டு. அதற்குள் எங்கள் ரூமில் என் ஸ்பூனும் தம்ளரும்கூடத் தனியாகப் போய் நின்றிருந்தன.

நான் உட்காருவதற்கு முன்னால் அக்கவுண்டன்ட் ஆரம்பித்தான். "தப்பா நினைக்காதீங்க. ஒரே ஒரு தடவை குர்ஆன்ல கை வச்சு சத்தியம் பண்ணிட்டீங்கன்னா எல்லாருக்கும் மனசு நிம்மதியாயிரும். காக்காவும் அதான் சொல்றாங்க."

நான் காக்காவைப் பார்த்தேன். அவர் பூனையின் முதுகைத் தடவிக்கொண்டிருந்தார்.

எனக்குக் கோபம் வந்தால் சத்தம் வராது. காது மட்டும் சூடாகும். "நான் பன்னி தின்னல. ஒரு தடவை சொல்லிட்டேன். அது போதாதுன்னா, குத்தம் சொல்றவங்க சாட்சி கொண்டு வாங்க. சத்தியம் எல்லாம் நான் பண்ண மாட்டேன்" என்றேன்.

"பண்ணுனா என்ன குறைஞ்சிரும்?"

"நான் குறைஞ்சிருவேன்."

இப்போதும் அதைத்தான் சொல்வேன். இத்தனை வருஷம் ஒரே அறையில் படுத்து, ஒருவர் காய்ச்சலுக்கு ஒருவர் கஞ்சி வைத்து, ஒருவர் வாப்பா மவுத்தான செய்தி வந்தபோது மற்றவர் தோளில் அழுதிருக்கிறோம். அப்போதெல்லாம் என் வார்த்தைக்கு ஜாமீன் கேட்டவர் யாரும் இல்லை. ஒரு வெப்சைட்டில் ஒரு மிருகத்தின் பெயர் முதலில் வந்துவிட்டது என்பதற்காகக் கேட்டார்கள். முதலில் பூனையை எழுதியிருந்தால் என்னை யாரும் எதுவும் கேட்டிருக்க மாட்டார்கள்.

காகிதத் தட்டைக் கசக்கிக் குப்பையில் போட்டேன். சமையலறையிலிருந்து எவர்சில்வர் தட்டு ஒன்றை எடுத்து வந்து, சோறு போட்டுக்கொண்டு, என் கட்டிலுக்குப் போகாமல் சஹனுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்தேன். என் பழைய இடத்திலிருந்து ஒரு முழம்தான் தள்ளி. என்னைச் சேர்க்காமல் சாப்பிடுகிறவர்கள் என் முகத்தைப் பார்த்துக்கொண்டே சாப்பிடட்டும் என்பதுதான் எண்ணம். ஞாயிறு தவறாமல் அப்படி உட்கார்ந்தேன். மருந்தினால் வாயெல்லாம் இரும்பை நக்கிய மாதிரி கசந்தது. ஆனாலும் தட்டில் ஒரு பருக்கை மிச்சம் வைக்கவில்லை. வைத்தால், "பார், அவனுக்கே இறங்கவில்லை" என்பார்கள்.

பூனை மட்டும் இந்த ஏற்பாட்டைக் கண்டுகொள்ளவில்லை. காக்காவிடம் கொஞ்சம் தின்றுவிட்டு என்னிடம் வரும். நான் அதற்கு ஒரு பிளாஸ்டிக் மூடியில் தனியாக வைத்துவிட்டுக் கையைக் கழுவிக்கொண்டு வந்து சாப்பிடுவேன். டாக்டரம்மா சொன்னது அவ்வளவுதான். பூனையைத் துரத்த வேண்டாம், ஒரே கையால் ஊட்டிக்கொண்டு அதே கையால் சாப்பிட வேண்டாம். இதைக் காக்காவிடமும் சொன்னேன். "மகளுக்கு நோயா? அஸ்தஃபிருல்லாஹ்" என்று சொல்லிவிட்டுப் பழையபடி ஊட்டினார். அவர் கணக்கில் பூனை குற்றம் செய்யாது. அதனால் நான் செய்திருக்க வேண்டும்.

விஷயம் ஊருக்குப் போகாமல் இருக்குமா? ஐந்து பேருக்கும் ஐந்து வீட்டில் போன் இருக்கிறது. ஒரு நாள் என் மனைவி பேசும்போது குரல் வேறு மாதிரி இருந்தது.

"இங்க ஒரு பேச்சு சுத்துது. உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும். கேளு."

"நான் எதுக்குக் கேக்கணும்? பேச வந்தவள வாசலோட அனுப்பிட்டேன். மாத்திரைய நேரத்துக்குப் போட்டீங்களா?"

போட்டுட்டேன் என்றேன். சத்தியம் கேட்காத ஒருத்தி எனக்கு இருந்தாள். அதன் பிறகு எனக்குப் பயமே போய்விட்டது. இனி இந்தச் சஹன்காரர்கள் தலைகீழாக நின்றாலும் கேட்கப் போவதில்லை என்று முடிவு செய்தேன்.

மருந்து முடிந்து சில வாரம் கழித்து மறுபடி கேமரா விட்டுப் பார்த்தார்கள். ஸ்பிரிங்குகள் இல்லை. டாக்டரம்மாவுக்குக் கொஞ்சம் வருத்தம் என்றே எனக்குத் தோன்றியது. என் நிலைமையைக் கேட்டுவிட்டு, "பூனைய வெட்டினரிக்குக் கொண்டு போய் டெஸ்ட் செய்யலாம். அதுகிட்ட இருந்தா உங்க கூட்டுக்காருக்கு வேற ப்ரூஃப் வேண்டா" என்றார்.

யோசித்துப் பார்த்தேன். பூனையை மயக்கி, அதன் வயிற்றுக்குள்ளும் டியூப் விட்டு, அதன் சதையையும் கிள்ளி, அதைக் காட்டி நான் நல்லவன் ஆக வேண்டும். என் வாயிலிருந்து வருகிற வார்த்தை செல்லாது, பூனையின் வயிற்றிலிருந்து வருகிறது செல்லும் என்றால் அந்த நல்ல பெயர் எனக்கு எதற்கு? வேண்டாம் டாக்டர் என்றேன். சரி, அந்தப் பூனையோடு நெருங்கிப் பழகுகிற வேறு யாருக்காவது இதே வலி இருந்தால் கட்டாயம் வரச் சொல்லுங்கள், விட்டுவிட்டால் புண் பெரிதாகும், ரத்தம்கூடக் கசியலாம் என்றார்.

ரூமில் வந்து எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னேன். கிருமி போய்விட்டது, யாருக்காவது வலி இருந்தால் போய்ப் பாருங்கள் என்று. வலியைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை. அக்கவுண்டன்ட்தான் பெரிய மனது பண்ணினான்.

"அல்ஹம்துலில்லாஹ். கிருமிதான் போயிருச்சே, இனி சஹன்ல உக்காருங்க. நடந்தது நடந்துபோச்சு. மனசுக்குள்ள ஒரு தௌபா செஞ்சுக்கிட்டா அல்லாஹ் மன்னிக்கிறவன்."

செய்யாத பாவத்துக்கு எனக்கு மன்னிப்பு வாங்கித் தருகிறான்! "உன் சஹனை நீயே வச்சுக்கோ. கலாஸ், முடிஞ்சுபோச்சு!" என்றேன். அன்றைக்குச் சத்தம் வந்தது. பக்கத்து ஃபிளாட் பட்டாணியர் கதவைத் திறந்து "க்யா ஹுவா பாய்?" என்று எட்டிப் பார்த்தார்.

அதற்கப்புறம்தான் நான் காக்காவைக் கவனிக்க ஆரம்பித்தேன். பால் வாங்கக் கடைக்குப் போனேன். கல்லாவுக்குப் பின்னால் குனிந்து எதையோ குடித்துக்கொண்டிருந்தவர் என்னைக் கண்டதும் துடைத்துக்கொண்டார். மீசையில் வெள்ளை ஒட்டியிருந்தது. அது மோர் இல்லை. வயிற்று எரிச்சலுக்குக் குடிக்கிற மருந்து. நான் அதைக் குடம் குடமாகக் குடித்தவன், எனக்குத் தெரியாதா? சஹனிலும் பார்த்தேன். கவளத்தை உருட்டிக்கொண்டே இருந்தார், வாய்க்குப் போனது பாதிதான். மீதி பூனைக்கு. தொழுகையில் ருகூவுக்குக் குனியும்போது இடது கை முழங்காலுக்குப் போகாமல் வயிற்றுக்குப் போனது.

"எவ்வளவு நாளா காக்கா?" என்று கடையில் கேட்டேன்.

"என்ன எவ்வளவு நாளா? ஒண்ணுமில்ல. கேஸ்."

"டாக்டர்கிட்ட வாங்க."

"மாஃபி டாக்டர், டாக்டரெல்லாம் வேண்டாம். நீங்க போங்க."

நான் போகவில்லை. சிகரெட் வாங்க வந்த ஆளை அனுப்பிவிட்டுக் கல்லாவுக்கு முன்னால் நின்றேன். கடைசியில் அவரே தாழ்ந்த குரலில் சொன்னார். "எனக்கும் அதே படம் வந்துருச்சுன்னா என்ன தம்பி செய்றது? ஊர்ல நான் பள்ளிவாசல் கமிட்டியில இருக்கேன். மூத்தவனுக்குப் பொண்ணு பாக்கிறாங்க. காக்கா பன்னி தின்னாருன்னு பேசுவாங்களே."

"யாரு பேசுவா? நீங்கதானே காக்கா பேசுனது!"

அவர் பிஸ்கட் பாக்கெட்டுகளை நேராக அடுக்கினார்.

மறுநாள் தேராவிலிருந்து அஜ்மான் திரும்பும் வழியில் வண்டி நத்தை மாதிரி ஊர்ந்தது. அந்த நெரிசலில் உட்கார்ந்து யோசித்தேன். நான் ஒரு சத்தியம் செய்துவிட்டால் கிருமி மேல் இருக்கும் களங்கம் போய்விடும், காக்காவும் தைரியமாக டாக்டரிடம் போவார். என் வீம்புக்கு அவர் வயிறு ஏன் பலியாக வேண்டும்? கிட்டத்தட்ட மனம் இளகிவிட்டது. ஆனால் உடனே இன்னொன்றும் தோன்றியது. நான் செய்தால் அடுத்து அவரும் செய்ய வேண்டும். அப்புறம் எவனுக்கு வயிறு வலித்தாலும் முதலில் குர்ஆன், பிறகுதான் டாக்டர் என்று ஆகிவிடும். முடியாது. நானும் செய்ய மாட்டேன், அவரையும் செய்ய விட மாட்டேன்.

வண்டியை நேராகக் கடை வாசலில் நிறுத்தி ஹாரன் அடித்தேன். "யல்லா காக்கா, ஏறுங்க."

"கடையில ஆள் இல்ல..."

"ஷட்டரை இறக்குங்க. இல்லேன்னா நான் இறக்குவேன்."

என் முகத்தில் என்ன பார்த்தாரோ, இறக்கினார். வழியெல்லாம் கதவுப் பக்கம் ஒதுங்கி உட்கார்ந்து ஏதோ ஓதிக்கொண்டே வந்தார். அன்றைக்குப் பார்த்துப் பேசி, பிறகொரு நாள் வெறும் வயிற்றோடு வரச் சொல்லி டியூப் விட்டார்கள். அதற்கும் நான்தான் கூட்டிப்போனேன். முடிவு வந்த அன்று டாக்டரம்மா திரையைத் திருப்பினார். அதே நீலம், அதே ஸ்பிரிங். புண் என்னுடையதைவிடப் பெரிது. இன்னும் தள்ளிப்போட்டிருந்தால் வாந்தியில் ரத்தம் பார்த்திருப்பீர்கள் என்றார். "ரெண்டாவது கேஸ்!" என்று அவருக்குக் கண் மின்னியது. காக்கா அந்தப் படத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வெளியே வந்ததும் என் கையைப் பிடித்துக்கொண்டார். "ரூம்ல சொல்லிராதீங்க தம்பி."

"சொல்ல மாட்டேன்."

அவருக்குப் போதவில்லை. "கண்டிப்பா?"

"என் வார்த்தை உங்களுக்குப் போதும்னா கண்டிப்பா" என்றேன்.

கையை விட்டுவிட்டார். பாவமாக இருந்தது. ஆனாலும் சொன்னதற்கு நான் வருத்தப்படவில்லை. அந்த வார்த்தை அவரை உறுத்த வேண்டும் என்றுதான் சொன்னேன்.

ஞாயிற்றுக்கிழமை வந்தது. அக்கவுண்டன்ட் சஹனில் சோற்றைக் குவித்து நெத்திலிப் பொரியலை மேலே பரப்பினான். டிரைவரும் மொபைல் கடைக்காரரும் உட்கார்ந்துவிட்டார்கள். நான் வழக்கம்போல என் எவர்சில்வர் தட்டோடு ஒரு முழம் தள்ளி. காக்கா கை கழுவிவிட்டு வந்தார். சஹன் பக்கம் போகவில்லை. சமையலறைக்குத் திரும்பிப் போய் இன்னொரு எவர்சில்வர் தட்டோடு வந்து, முழங்காலைப் பிடித்துக்கொண்டு மெதுவாக என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"என்ன காக்கா, அங்க போயிட்டீங்க?" என்றான் அக்கவுண்டன்ட்.

"எனக்கும் அதே கிருமிதான்" என்றார் காக்கா. சத்தமாகத்தான் சொன்னார். "அதே படம். டாக்டரம்மா காட்டுனாங்க. யாருக்கு சத்தியம் வேணும்? குர்ஆன எடுத்துட்டு வா. நான் கை வச்சுட்டு, நீ ஏன் சத்தியம் கேட்டேன்னு உன்கிட்டயும் கேக்கிறேன்."

யாரும் எழுந்திருக்கவில்லை. அக்கவுண்டன்ட்டின் முகம் வெளிறிப்போனது. காக்காவைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், கடைசியில் பூனையைப் பார்த்தான். "அப்ப இந்தப் பூனைய முதல்ல வெளிய துரத்தணும்" என்று எழுந்தான். அவனுக்கு யாரையாவது வெளியே அனுப்பியாக வேண்டும்.

"உக்காரு" என்றேன். "பூனை இங்கதான் இருக்கும். தனி மூடியில சாப்பிடும். உனக்குப் புடிக்கலேன்னா நீ வேற ரூம் பாத்துக்கோ."

உட்கார்ந்தான்.

காக்கா தட்டில் கை வைக்கவில்லை. என் பக்கம் முழுதாகத் திரும்பினார். "பொருந்திக்கோங்க தம்பி" என்றார்.

எங்கள் ஆட்கள் அந்த வார்த்தையை லேசில் எடுக்க மாட்டார்கள். ஹஜ்ஜுக்குப் புறப்படும்போது கேட்பார்கள். உயிர் போகிற நேரத்தில் கேட்பார்கள். உனக்குச் செய்ததை மன்னித்து, மனக்குறை எதுவும் வைக்காமல் என்னை விட்டுவிடு என்று அர்த்தம். கேட்டால், பொருந்திக்கொண்டேன் என்று உடனே சொல்லிவிடுவதுதான் வழக்கம். நான்கு பேரும் என் வாயையே பார்த்தார்கள். எனக்கு அழுகை வந்தது, கோபமும் சேர்ந்தே வந்தது. அத்தனை ஞாயிற்றுக்கிழமைகளையும் ஒரு வார்த்தையில் துடைத்துவிட எனக்கு மனம் வரவில்லை.

"பொருந்த மாட்டேன் காக்கா" என்றேன். "இன்னிக்கு இல்ல. நாளைக்கும் கேளுங்க, அடுத்த வாரமும் கேளுங்க. அதுக்கு நீங்க ரொம்ப நாள் இருக்கணும். முதல்ல சோத்தைச் சாப்பிட்டு மாத்திரையைப் போடுங்க."

அவர் குனிந்து, கண்ணைப் புறங்கையால் துடைத்துவிட்டு, முதல் கவளத்தைப் பிசைந்தார்.